பட்டியல்தான் சொத்து

1918 மே மாதம் லெனின் தன் அலுவலக நிர்வாகி போஞ்ச்-புரூயேவிச்சுக்கு ஒரு கடிதம் எழுதினார். கடுமையான கண்டனக் கடிதம். தன்னைக் கேட்காமலே தன் மாதச் சம்பளத்தை 500 ரூபிளிலிருந்து 800 ரூபிளாக ஏற்றிவிட்டார் என்பதுதான் குற்றம். விலைவாசி தாறுமாறாக ஏறிக்கொண்டிருந்த நேரம் அது. நிர்வாகி நல்லெண்ணத்தோடுதான் செய்திருப்பார். ஆனால், புரட்சி நடந்த சில வாரங்களிலேயே ஓர் அரசாணை வந்திருந்தது. மக்கள் கமிசார், அதாவது அமைச்சர், எவரும் மாதம் 500 ரூபிளுக்கு மேல் வாங்கக் கூடாது; உழைக்க இயலாத குடும்ப உறுப்பினருக்குத் தலைக்கு 100 ரூபிள் கூடுதலாகப் பெறலாம்; வீட்டில் ஆளுக்கு ஓர் அறைக்கு மேல் இருக்கக் கூடாது. 1871 பாரிஸ் கம்யூனில் அரசு ஊழியர்களுக்குத் தொழிலாளியின் கூலிதான் என்று விதித்ததை மார்க்ஸ் கொண்டாடியிருந்தார். லெனின் ‘அரசும் புரட்சியும்’ நூலில் அதையே புதிய அரசுக்கான இலக்கணமாக்கினார். அதே 1918-ல் பொறியாளர்களுக்கும் நிபுணர்களுக்கும் கொழுத்த சம்பளம் கொடுக்க வேண்டி வந்தபோது, இது கம்யூன் கொள்கையிலிருந்து பின்வாங்கல்தான் என்று அவரே ஒளிக்காமல் எழுதினார்.

அங்கிருந்து அரை நூற்றாண்டு தாண்டி, 1970-களின் மாஸ்கோவுக்கு வருவோம். கிரானோவ்ஸ்கி தெருவில், கிரெம்ளினிலிருந்து நடந்துபோகும் தூரத்தில் ஒரு கட்டடம். வாசலில் ‘அனுமதிச் சீட்டு அலுவலகம்’ என்று மட்டும் ஒரு பலகை. உள்ளே போகிறவர்கள் சற்று நேரத்தில் பழுப்புத்தாளில் சுற்றிய பொட்டலங்களோடு வெளியே வருவார்கள். வாசலில் கறுப்புக் கார்கள் இன்ஜினை நிறுத்தாமல் காத்திருக்கும். ‘மருத்துவ உணவுக்கூடம்’ என்பது அந்த இடத்தின் அதிகாரப்பூர்வப் பெயர். எந்த நோய்க்கு மருத்துவம் என்று யாரும் கேட்டதில்லை. பொதுக் கடைகளில் வரிசையில் நின்றாலும் கிடைக்காத இறைச்சியும் மீனும் பழமும் அங்கே பழைய விலையில் கிடைத்தன. அந்தச் சுவரிலேயே, 1919-ல் போர்முனைக்குப் புறப்பட்ட செஞ்சேனைத் தளபதிகளிடம் லெனின் இங்கே உரையாற்றினார் என்று சொல்லும் நினைவுப் பலகையும் இருந்தது. இப்படி இரண்டு பலகைகள் ஒரே சுவரில் எப்படி வந்து சேர்ந்தன? ஸ்டாலின் கெட்டவர், பிரெஷ்னேவ் ஆடம்பரப் பிரியர் என்பது வழக்கமான பதில். அதைவிட எளிமையான, அதனாலேயே அதிகம் கலங்கவைக்கிற பதில் ஒன்று இருக்கிறது. ஆட்களை நியமிக்கும் அதிகாரம் ஒரே அலுவலகத்தில் குவிந்தது. சலுகைகள் அதன் பின்னால் வந்தன.

1922 ஏப்ரலில் ஸ்டாலின் பொதுச்செயலாளரானபோது அந்தப் பதவியை யாரும் பெரிதாக நினைக்கவில்லை. கோப்பு பார்க்கிற வேலை என்றுதான் நினைத்தார்கள். கோப்பில்தான் விஷயமே இருந்தது. மத்தியக் குழுச் செயலகத்தின் கீழ் பதிவு-பணியமர்த்தல் துறை என்று ஒன்று இயங்கியது. எந்த மாகாணத்துக்கு யார் கட்சிச் செயலாளர், எந்த ஆலைக்கு யார் இயக்குநர் என்பதை அந்தத் துறை தீர்மானித்தது. ஓராண்டில் பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட நியமனங்கள் அதன் கையால் நடந்தன. 1923-ல் இந்த வழக்கம் முறையான பட்டியலாகியது. இந்தப் பதவிகளை மத்தியக் குழுவின் ஒப்புதல் இல்லாமல் நிரப்பவோ காலி செய்யவோ கூடாது என்று ஒரு பட்டியல். அதற்குக் கீழே இன்னொன்று. மாகாணத்துக்கு, மாவட்டத்துக்கு என்று அடுக்கடுக்காக மற்றவை. இதற்கு ரஷ்ய மொழியில் ‘நோமன்கிளாத்தூரா’ என்று பெயர். பெயர்ப்பட்டியல் என்பதற்கு மேல் அந்தச் சொல்லில் ஒன்றுமில்லை. ஆனால், இந்த ஏற்பாடு எப்படிச் சுற்றியது என்று பாருங்கள். செயலகம் மாகாணச் செயலாளரை நியமிக்கிறது. அவர் மாநாட்டுப் பிரதிநிதிகளைத் தேர்ந்து அனுப்புகிறார். மாநாடு மத்தியக் குழுவைத் தேர்ந்தெடுக்கிறது. மத்தியக் குழு செயலகத்தைத் தேர்ந்தெடுக்கிறது. எல்லாக் கட்டத்திலும் கைகள் உயர்ந்தன, வாக்குகள் எண்ணப்பட்டன, தீர்மானங்கள் நிறைவேறின. ஆனால், கீழே இருப்பவர் மேலே இருப்பவரை மாற்ற ஒரு வழியும் மிஞ்சவில்லை. ஆலை, நிலம், ரயில், பத்திரிகை, பள்ளிக்கூடம் எல்லாம் அரசுடையவை; அரசு கட்சியுடையது; கட்சி அந்தப் பட்டியலுடையது. பட்டியலில் பெயர் இருந்தால் நாட்டின் மொத்தச் செல்வத்தையும் ஆளும் குழுவில் உங்களுக்கு ஒரு பங்கு. பெயர் அடிபட்டால் மறுநாள் காலை கார் வராது.

இதை வெளியிலிருந்து முதலாளித்துவ எதிரிகள் கண்டுபிடித்துச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. உள்ளேயிருந்தவர்களே ஆரம்பத்திலேயே சொன்னார்கள். 1921 மார்ச்சில் குரோன்ஸ்டாட் கடற்படைத் தளத்தில் கிளர்ந்தெழுந்த மாலுமிகள் வைத்த கோரிக்கைகளில் ரகசிய வாக்கெடுப்பில் புதிய சோவியத் தேர்தலும், உழைக்கிற எல்லோருக்கும் சம ரேஷனும் உண்டு. ரேஷனில் ஏற்றத்தாழ்வு அப்போதே வந்துவிட்டது என்று இதற்குப் பொருள். பீரங்கியால் அவர்களுக்குப் பதில் சொன்ன அதே மாதத்தில், கட்சியின் பத்தாவது மாநாடு உட்கட்சிக் கோஷ்டிகளையும் தடை செய்தது. 1928-ல் தலைமையால் அஸ்திரகானுக்கு ஒதுக்கி அனுப்பப்பட்டிருந்த பழைய புரட்சியாளர் கிறிஸ்டியன் ரகோவ்ஸ்கி, அங்கிருந்து நண்பருக்கு ஒரு நீண்ட கடிதம் எழுதினார். ஒரு வர்க்கம் ஆட்சியைப் பிடித்ததும் அதிலிருந்து ஒரு பகுதி ஆட்சிவேலைக்குப் பிரிகிறது. முதலில் அது வெறும் வேலைப் பிரிவினை. நல்ல வீடும் காரும் விடுமுறையும் அதில் சேரச்சேர, அது சமூகப் பிரிவினையாகிவிடுகிறது என்பது அவர் வாதம். சுரங்கத்தில் நிலக்கரி வெட்டுபவரும் காரில் போகிறவரும் ஒரே கட்சி அட்டையை வைத்திருக்கலாம், ஆனால் அவர்கள் வாழ்வது ஒரே வாழ்க்கை இல்லை என்றார். ரகோவ்ஸ்கி 1941-ல் சுட்டுக்கொல்லப்பட்டார்.

1931-ல் ஸ்டாலின் கூலிச் சமத்துவத்தைக் கடுமையாகத் தாக்கிப் பேசினார். சமத்துவம் குட்டிமுதலாளித்துவச் சபலமாக மாறியது. 1932-ல் ‘கட்சி உச்சவரம்பு’ என்ற விதி, அதாவது கட்சி உறுப்பினர் எந்தப் பதவியில் இருந்தாலும் குறிப்பிட்ட தொகைக்கு மேல் சம்பளம் வாங்கக் கூடாது என்ற கட்டுப்பாடு, சத்தமில்லாமல் கைவிடப்பட்டது. அந்த ஆண்டின் முற்பகுதியில்தான் பெரியார் சோவியத் மண்ணில் சுமார் மூன்று மாதம் சுற்றினார். திரும்பி வந்து ஈரோட்டில் சமதர்மத் திட்டத்தை வகுத்தார். அவர் பார்த்த ஆலைகளும் பள்ளிகளும் பொய்யில்லை. ஆனால், அவர் அங்கே போன அதே ஆண்டில் சமதர்மத்தின் அடிக்கல் ஒன்று பெயர்க்கப்பட்டதை எந்த விருந்தினரிடமும் யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். அந்த ஆண்டின் இறுதியிலேயே உள்நாட்டுப் பாஸ்போர்ட் முறையும் வந்தது. நகரத்தாருக்குப் பாஸ்போர்ட் கிடைத்தது. கூட்டுப்பண்ணை விவசாயிக்குக் கிடைக்கவில்லை. அந்தக் காகிதம் இல்லாமல் கிராமத்தைவிட்டு நகரத்தில் போய்க் குடியேற முடியாது. இந்த நிலை 1974-ல்தான் மாறத் தொடங்கியது. 1940-ல் மேல்நிலைப் பள்ளியின் கடைசி வகுப்புகளுக்கும் கல்லூரிக்கும் கட்டணம் வைத்தார்கள். 1956 வரை அது நீடித்தது. ஜார் ஆட்சியில் விவசாயி மகன் படிக்க முடியாததைப் பற்றி மேடையில் முழங்கிய அரசு, தன் விவசாயி மகனிடம் கட்டணம் கேட்டது.

இங்கே ஒரு நியாயமான ஆட்சேபம் எழும். இதெல்லாம் ஒரு சலுகையா? நம்மூர்ப் பெருமுதலாளி ஒருவர் வீட்டுக் கல்யாணத்துக்குச் செலவழிப்பதில் ஒரு துளிகூட வராதே? உண்மைதான். 1989 நவம்பரில் கிழக்கு ஜெர்மனித் தொலைக்காட்சிக் கேமரா, பெர்லினுக்கு வடக்கே காட்டுக்குள் மதில் எழுப்பி வைத்திருந்த வாண்ட்லிட்ஸ் குடியிருப்புக்குள் முதல்முறையாக நுழைந்தது. பொலிட்பீரோ உறுப்பினர்கள் வாழ்ந்த இடம் அது. உள்ளே அரண்மனை ஏதும் இல்லை. இருபதுக்கும் மேற்பட்ட சாதாரண மாடி வீடுகள், நீச்சல்குளம், மேற்கு ஜெர்மனிச் சரக்குகள் நிறைந்த ஒரு கடை, குளியலறையில் மேற்கத்தியக் குழாய்கள். மேற்கு ஜெர்மனியில் ஒரு நடுத்தரத் தொழிலதிபர் இதைப் பார்த்துச் சிரித்திருப்பார். கிழக்கு ஜெர்மானியர்கள் கொதித்தார்கள். பற்றாக்குறைப் பொருளாதாரத்தில் பணத்தைக் கொண்டு ஏற்றத்தாழ்வை அளக்க முடியாது என்பதை அவர்கள் அனுபவத்தில் அறிந்திருந்தார்கள். பையில் ரூபிளோ மார்க்கோ இருந்தாலும் கடையில் சாமான் இருக்காது. யாருக்குக் கதவு திறக்கிறது என்பதுதான் அங்கே செல்வம். அதனால் சம்பளப் பட்டியலைக் காட்டி, சோவியத்தில் பெரிய ஏற்றத்தாழ்வு இல்லை என்று வாதிடுவது, ரேஷன் கடையைப் பார்க்காமல் ரேஷன் அட்டையை மட்டும் பார்ப்பது போல.

அந்தக் கதவுக்கு இந்தப் பக்கம் நின்றவர்களுக்கு என்ன நடந்தது என்பதற்கு நோவோசெர்காஸ்க் இருக்கிறது. 1962 ஜூன் 1 அன்று இறைச்சிக்கும் வெண்ணெய்க்கும் அரசு விலை ஏற்றியது. அந்த ஊர் ரயில் இன்ஜின் ஆலையில் கூலியும் அதே காலத்தில் குறைந்திருந்தது. இறைச்சிக்குக் காசில்லை என்றால் ஈரல் வைத்த பணியாரம் தின்னுங்கள் என்று ஆலை இயக்குநர் சொன்னதாக அன்றே ஊரெல்லாம் பரவியது. ஆலைச் சங்கை ஊதி வேலையை நிறுத்தினார்கள். மறுநாள் செங்கொடியையும் லெனின் படத்தையும் ஏந்தி ஆயிரக்கணக்கானவர்கள் நகரக் கட்சி அலுவலகத்தை நோக்கி நடந்தார்கள். துருப்புகள் சுட்டன, 26 பேர் இறந்தார்கள். பிறகு விசாரணை நடத்தி ஏழு பேருக்கு மரண தண்டனை நிறைவேற்றினார்கள். சடலங்களை உறவினர்களிடம் கொடுக்காமல் வெவ்வேறு இடங்களில் ரகசியமாகப் புதைத்தார்கள். பிரச்சினையைத் தீர்க்க மாஸ்கோவிலிருந்து வந்திறங்கியவர்களில் அனஸ்தாஸ் மிக்கோயான் ஒருவர். 1917-ஐக் கண்ட பழைய போல்ஷெவிக். தொழிலாளர் அரசின் பெயரால், லெனின் படம் பிடித்து வந்த தொழிலாளர்களைச் சுட்ட நாளில், அலுவலகத்தின் உள்ளே இருந்தவர்களுக்கும் வெளியே இருந்தவர்களுக்கும் நடுவில் இருந்தது வெறும் நிர்வாகக் கோளாறு என்று எனக்குத் தோன்றவில்லை.

இன்னொரு ஆட்சேபம் இதைவிட வலுவானது. குருஷேவ் விவசாயக் குடும்பத்தில் பிறந்து சுரங்கப் பட்டறையில் உழைத்தவர். பிரெஷ்னேவின் தந்தை உருக்காலைத் தொழிலாளி. லட்சக்கணக்கான எளிய வீட்டுப் பிள்ளைகளைப் பொறியாளராகவும் அமைச்சராகவும் ஆக்கிய அமைப்பை ஆளும் வர்க்கம் என்பது எப்படிச் சரியாகும்? அது ஏணி உண்டு என்பதற்குத்தான் சான்று, மாடி இல்லை என்பதற்குச் சான்றில்லை. ஏணி வைத்திருக்கும் மாடி வீட்டில்தான் கீழிருப்பவர் பொறுமை காப்பார். மேலும், அந்த ஏணியில் 1937-38 களையெடுப்பில் அவ்வளவு இடம் எப்படிக் காலியானது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். மாஸ்கோ ஆற்றங்கரையில் 1931-ல் கட்சி-அரசுத் தலைவர்களுக்காகக் கட்டிய மாளிகையில் 505 வீடுகள். கடை, சலவையகம், திரையரங்கு எல்லாம் வளாகத்துக்குள்ளேயே. மேசை நாற்காலியில்கூட அரசுச் சாமான் எண் குறித்த வில்லை இருக்கும். பயங்கர ஆண்டுகளில் அந்த வீடுகளிலிருந்து நூற்றுக்கணக்கானவர்களைக் கைது செய்தார்கள். குடும்பம் வெளியேறும், அடுத்த அதிகாரி அதே எண் போட்ட நாற்காலியில் வந்து உட்காருவார். சலுகை எல்லாம் இரவல் என்பதை அந்த வில்லை நினைவூட்டிக்கொண்டே இருந்தது.

ஸ்டாலினுக்குப் பிறகு இந்த அதிகாரிகள் கேட்டது ஒன்றுதான்: உயிருக்கும் பதவிக்கும் உத்தரவாதம். உயிருக்கான உத்தரவாதத்தைக் குருஷேவ் கொடுத்தார். பதவிக்கானதைக் கொடுக்க மறுத்தார். 1961 கட்சி விதிகளில், ஒவ்வொரு மாநாட்டிலும் மத்தியக் குழுவில் நான்கில் ஒரு பங்காவது புதியவர்களாக இருக்க வேண்டும் என்று எழுதிவைத்தார். 1964 அக்டோபரில் அவரை வீட்டுக்கு அனுப்பினார்கள்; 1966 மாநாட்டில் அந்த விதியையும் அனுப்பினார்கள். பிரெஷ்னேவ் காலத்தின் தாரக மந்திரம் ‘ஊழியர் நிலைத்தன்மை’. விளைவு, தலைமை நாற்காலியிலேயே மூப்படைந்தது; இரண்டரை ஆண்டுக்குள் மூன்று பொதுச்செயலாளர்களின் சவ ஊர்வலத்தை செஞ்சதுக்கம் பார்த்தது. பிரெஷ்னேவின் மருமகன் சுர்பானோவ் உள்துறை முதல் துணை அமைச்சராக உயர்ந்தார். மாமனார் போனபின், 1988-ல், லஞ்ச வழக்கில் 12 ஆண்டு தண்டனை பெற்றார்.

இது வர்க்கம்தான் என்று முதலில் அழுத்தமாகச் சொன்ன கம்யூனிஸ்ட் தலைவர் யூகோஸ்லாவியாவின் மிலோவன் ஜிலாஸ். டிட்டோவுக்கு அடுத்த நிலையில் இருந்த தலைவர்களில் ஒருவர். 1957-ல் வெளிவந்த ‘புதிய வர்க்கம்’ நூலால்தான் உலகம் அவரை அறியும். அதற்கு முன்பே, 1954 ஜனவரியில் எழுதிய ஒரு கட்டுரைதான் தோழர்களை அதிகம் சுட்டது என்பேன். போரில் பெயர் பெற்ற தளபதி ஒருவர் ஓர் இளம் நடிகையை மணக்கிறார். மற்றத் தலைவர்களின் மனைவிமார் அந்தப் பெண்ணோடு பேச மறுக்கிறார்கள். போரில் பங்கெடுக்காதவள், நேற்று வந்தவள், நம் வட்டத்தில் எப்படி உட்காரலாம் என்று. பெயர் குறிப்பிடாமல்தான் ஜிலாஸ் எழுதினார். பந்தியில் யார் பக்கத்தில் யார் உட்காருவது என்ற கேள்வியின் பொருள் தமிழ் வாசகருக்கு விளக்கத் தேவையில்லாதது. யாரோடு கொள்வினை கொடுப்பினை என்று பார்க்கத் தொடங்கிய கூட்டம் தன்னை ஒரு குலமாக உணரத் தொடங்கிவிட்டது. அந்த மாதமே ஜிலாஸை மத்தியக் குழுவிலிருந்து நீக்கினார்கள்; பிறகு சிறை.

நாம் அறிந்த கம்யூனிஸ்டுகள் அப்படியில்லையே என்று இங்கே பலர் கேட்பார்கள். தாம்பரத்தில் குடிசையில் வாழ்ந்த ஜீவாவை நினைத்துக்கொண்டு கேட்கிற அந்தக் கேள்வியில் நியாயம் உண்டு. ஆனால், தனிமனித நேர்மை இங்கே கேள்வியே இல்லை. லெனினும் நேர்மையானவர்தான், முதல் பத்தியின் கண்டனக் கடிதம் அதற்குச் சாட்சி. நிர்வாகிகளைக் கண்டிக்க அந்தக் கடிதம் போதும். கோஷ்டிகளைத் தடை செய்துவிட்ட கட்சியில், நியமிக்கிறவரைக் கண்டிக்க யார் கடிதம் எழுதுவது? மாவோவுக்கு இந்த நோய் தெரிந்திருந்தது. கலாச்சாரப் புரட்சியில் அதிகாரிகள்மேல் இளைஞர்களை ஏவினார். 1967 பிப்ரவரியில் ஷாங்காயில் பாரிஸ் கம்யூனின் பெயரில் ஒரு கம்யூனை அறிவித்தார்கள். எல்லாம் கம்யூன் ஆகிவிட்டால் கட்சி எங்கே போகும் என்று மாவோவே கேட்டார். சில வாரங்களில் அது ‘புரட்சிக் குழு’வாகப் பெயர் மாறியது. பட்டியலைக் கிழிக்காமல், பட்டியலில் இருந்தவர்களைத் தெருவில் இழுத்து அவமானப்படுத்தினால் மிஞ்சுவது அவ்வளவுதான். அவமானத்திலிருந்து மீண்டவர்கள் பழைய நாற்காலிக்குத் திரும்பினார்கள். இன்னும் உறுதியாக உட்கார்ந்தார்கள்.

கடைசியாக ட்ராட்ஸ்கியின் மறுப்பு. 1936-ல் ‘காட்டிக்கொடுக்கப்பட்ட புரட்சி’யில், இந்த அதிகாரிகள் ஒட்டுண்ணிகள், ஆனால் வர்க்கம் இல்லை என்றார். அவர்களிடம் பங்குப் பத்திரம் இல்லை. பிள்ளைகளுக்கு எழுதிவைக்கச் சொத்தில்லை. குரோன்ஸ்டாட்டை அடக்கியவர்களில் அவரும் ஒருவர் என்பதை மறக்காமல்தான் இதை வாசிக்க வேண்டும். ஆனால், அதே நூலில் அவர் சேர்த்துச் சொன்ன எச்சரிக்கை அவருடைய வரையறையைவிடக் கூர்மையானது: பிள்ளைகளுக்கு விட்டுச்செல்ல முடியாத சலுகைக்குப் பாதி மதிப்புதான், ஆகவே இவர்கள் ஒருநாள் சொத்துறவில் தங்களுக்கு ஆதாரம் தேடுவார்கள். 1980-ல் வெளிவந்த நூலில் மிகைல் வோஸ்லென்ஸ்கி, பட்டியலில் இருந்தவர்களைச் சுமார் ஏழரை லட்சம் என்றும், குடும்பத்தோடு முப்பது லட்சம் என்றும் கணக்கிட்டார். ஆற்றங்கரை மாளிகை நாற்காலியின் வில்லையைக் கழற்றும் நாளுக்கு அவர்கள் காத்திருந்தார்கள். 1989-ல் எரிவாயு அமைச்சகம் ‘காஸ்ப்ரோம்’ என்ற நிறுவனமாக மாறியபோது, அமைச்சர் செர்னோமிர்தினே அதன் தலைவரானார். எண்ணெய்த் துறைத் துணை அமைச்சராக இருந்த அலெக்பெரோவ், லுக்காயில் நிறுவனத்தின் தலைவரானார். கம்சமோல் இளைஞர் சங்கத்தின் வணிக மையங்களிலிருந்து வங்கிகள் முளைத்தன. 1990-களின் நடுவில் கிரிஷ்தனோவ்ஸ்கயாவும் ஸ்டீபன் ஒயிட்டும் நடத்திய ஆய்வில், யெல்த்சின் காலத்து அரசியல் மேல்தட்டில் நான்கில் மூன்று பேரும், வணிக மேல்தட்டில் ஐந்தில் மூன்று பேரும் பழைய பட்டியலிலிருந்து வந்தவர்கள் என்று தெரியவந்தது.

வர்க்கம் என்றால் தன் ஆட்சியைக் காக்கப் போராடியிருக்காதா என்று கேட்கலாம். 1991 ஆகஸ்ட் 24 அன்று கோர்பச்சேவ் பொதுச்செயலாளர் பதவியிலிருந்து விலகினார். சில நாட்களுக்குள் கட்சி அலுவலகங்களுக்கு முத்திரை வைத்தார்கள். அதற்கு இரண்டாண்டு முன்புவரை அந்தக் கட்சியில் சுமார் 1 கோடியே 90 லட்சம் உறுப்பினர்கள். அவர்களில் பெரும்பாலானவர்கள் வரிசையில் நின்று சாமான் வாங்கியவர்கள். காக்க அவர்களிடம் ஒன்றும் இருக்கவில்லை. காக்க ஏதாவது வைத்திருந்தவர்களோ, அந்தக் கோடையில் நிறுவனப் பதிவுப் பத்திரங்களில் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார்கள்.